மகள் கல்லூரிக் கட்டணத்துக்கு விபத்து நஷ்டஈடு எஃப்டியை முன்கூட்டியே எடுக்க முடியுமா?

கேட்பவர்: கரூர் செல்வி

வேலைக்குப் போகும் வழியில் லாரி மோதி என் வீட்டுக்காரர் இறந்துவிட்டார். வழக்கு முடிந்து நஷ்டஈடும் வந்தது. என் பங்கில் பாதியைக் கையில் கொடுத்தார்கள், மீதி என் பேரில் மூன்று வருட எஃப்டி. மகள், மகன் இருவர் பங்கும் பதினெட்டு வயதுவரை பேங்கிலேயே இருக்க வேண்டும் என்று தீர்ப்பு. எல்லாவற்றுக்குமான மாத வட்டி என் கணக்கில் விழும். வீட்டுச் செலவுக்கே அது சரியாகப் போய்விடும்.

மகளுக்கு இப்போது பி.எஸ்சி நர்சிங் சீட் கிடைத்திருக்கிறது. அவளுக்குப் பதினெட்டு முடிவது தை மாதம்தான். கட்டணத்துக்குப் பணம் கேட்டால், கோர்ட் ஆர்டர் இல்லாமல் ஒரு ரூபாய் எடுக்க முடியாது, அதன் மேல் லோனும் கிடையாது என்கிறார் மேனேஜர். எஃப்டி ரசீதைக் கொடுத்தால் பணம் தருகிறேன் என்கிறார் தெருக்கோடி பைனான்ஸ்காரர். வக்கீலோ எடுக்கும் தொகையில் பத்து சதவீதம் கேட்கிறார். எங்கள் பணத்தை எடுக்க எத்தனை பேர் வாசலில் நிற்பது?

பதில்: பழைய பெஞ்ச் கிளார்க்

மேனேஜர் மேல் கோபப்படாதீர்கள் அம்மா. அவர் கையைக் கட்டிப்போட்டிருப்பது தீர்ப்பாய உத்தரவு. கேரள அரசு போக்குவரத்துக் கழகத்துக்கும் சூசம்மா தாமஸுக்கும் நடந்த வழக்கில் 1993-ல் சுப்ரீம் கோர்ட் ஏற்றுக்கொண்ட நெறிமுறை அது. நஷ்டஈடு வந்த வாரமே சொந்தக்காரர்கள் வந்து கறந்துகொண்டு போவதைப் பணியில் இருந்த காலத்தில் நிறையப் பார்த்திருக்கிறேன். அதைத் தடுக்கத்தான் லோன் கூடாது, வட்டியை நேரே கணக்கில் போடு என்றெல்லாம் வைத்தார்கள்.

ஆனால் அதே நெறிமுறையிலேயே, அவசரத் தேவை வந்தால் பணம் கேட்டு மனு போடும் உரிமையைத் தர வேண்டும் என்றும் இருக்கிறது. மைனருக்காகக் கார்டியன் செய்யும் செலவுக்கு எடுக்க அனுமதிக்கலாம் என்றும் இருக்கிறது. இதை யாரும் உங்களிடம் சொல்லியிருக்க மாட்டார்கள். பிறகு 2012-ல் ஏ.வி. பத்மா வழக்கில், ஆளைப் பார்க்காமல் இயந்திரம் மாதிரி எல்லோர் பணத்தையும் டெபாசிட்டில் பூட்டி வைக்காதீர்கள் என்று சுப்ரீம் கோர்ட் கண்டித்தும் இருக்கிறது.

ஆகவே தீர்ப்புச் சொன்ன அதே கோர்ட்டில், அதே எம்.சி.ஓ.பி. நம்பரில், அதாவது உங்கள் விபத்து நஷ்டஈட்டு வழக்கின் எண்ணில், ஒரு மனு போடுங்கள். தீர்ப்பு நகல், எஃப்டி ரசீது நகல், அட்மிஷன் கடிதம், கல்லூரி தரும் கட்டண விவரம் எல்லாம் சேர வேண்டும். "குடும்பக் கஷ்டம்" என்று பொதுவாக எழுதினால் எடுபடாது. இன்ன கட்டணம், இத்தனை ரூபாய், இந்தத் தேதிக்குள் என்று இருக்கட்டும். மகள் படிப்புக்கு மகள் பங்கிலிருந்தே கேளுங்கள், நீதிபதிக்கு அது சட்டென்று விளங்கும். மகன் பங்கைத் தொடவே வேண்டாம்.

சதவீதம் கேட்பது தப்பு. வழக்குப் பணத்தில் வக்கீல் பங்கு பேசக் கூடாது என்பது பார் கவுன்சில் விதி. மாவட்ட கோர்ட் வளாகத்தில் சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கும், அங்கே போங்கள். பெண்களுக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் இலவசமாக வக்கீல் வைத்துத் தர வேண்டும் என்பது 1987-ஆம் வருடச் சட்டம்.

பைனான்ஸ்காரரிடம் ரசீதை மட்டும் கொடுத்துவிடாதீர்கள். அதை வைத்து அவரால் பேங்கில் ஒன்றும் வாங்க முடியாது. அது அவருக்கும் தெரியும். கையெழுத்துப் போட்ட வெற்றுத்தாளும் பிராமிசரி நோட்டும்தான் அவருக்கு வேண்டியது.

பதில்: ஒற்றைக்கால் டெய்லர்

அக்கா, செயற்கைக் கால் மாற்றவும் மோட்டார் வைத்த தையல் மெஷின் வாங்கவும் இதே மாதிரி மனு போட்டுத்தான் எடுத்தேன். கால் செய்பவரின் எஸ்டிமேட்டும் மெஷின் கொட்டேஷனும் வைத்தேன். செலவு செய்த பில்லைத் திரும்பக் கொண்டு வந்து காட்டச் சொன்னார்கள். என்ன, மொத்தமும் ஒரே எஃப்டியாகப் போட்டிருந்ததால் உடைத்தபோது முழுத் தொகைக்கும் வட்டி குறைந்துபோச்சு. மீதியை மறுபடி போடும்போது மூன்று நான்காகப் பிரித்துக் கேட்டு வாங்கிக்கொண்டேன். உங்கள் மனுவிலும் அந்த வரியைச் சேர்க்கச் சொல்லுங்கள்.

கரூர் செல்வி

நன்றி ஐயா, நன்றி தம்பி. அடுத்த மூன்று வருடக் கட்டணத்துக்கும் இப்படி வருடா வருடம் மனு போட வேண்டுமா?

பழைய பெஞ்ச் கிளார்க்

வேண்டாம் அம்மா. தையில் அவள் மேஜர். நான் மேஜர் ஆகிவிட்டேன், கார்டியனை விடுவித்துப் பணத்தை எனக்கே கொடுங்கள் என்று அவள் பேரிலேயே ஒரு மனு போடலாம். வயதுக்குப் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட் போதும். தன் பேரில் பேங்க் கணக்கும் பான் கார்டும் தேவைப்படும். அவற்றை இப்போதே எடுத்து வையுங்கள். பாஸ்புக் முதல் பக்கத்தில் அவள் பெயர் மார்க் ஷீட்டில் உள்ளபடியே, இனிஷியல் உட்பட, இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். இனிஷியல் மாறினாலே மனுவைத் திருப்பி அனுப்புவார்கள்.