பட்டதாரி வீட்டில் ஒரு இசையமைப்பாளர்

லதா: ரவி அண்ணா, அருண் வேலைக்குப் போகமாட்டானாம். சினிமாவுக்கு மியூசிக் போடப் போகிறானாம். நீயே கேள்.

அருண்: ரகுமான் சார் 25 வயதில் ‘ரோஜா’ பண்ணிவிட்டார் மாமா. எனக்கு இன்னும் 3 வருஷம் இருக்கிறது 😄

ரவி மாமா: அந்த 25க்கு முன்னால் நடந்ததையும் சொல்லேன். 1976இல் அப்பா ஆர்.கே.சேகர் தவறிவிட்டார். அவருடைய வாத்தியங்களை வாடகைக்கு விட்டுத்தான் குடும்பம் ஓடியது. பள்ளிக்கூட வயதிலேயே கீபோர்டு வாசிக்கப் போனார். அப்புறம் விளம்பர ஜிங்கிள்ஸ். அரை நிமிஷத்தில் மெட்டு மனதில் நிற்க வேண்டும். நல்ல பயிற்சி அது.

சுதா சித்தி: இளையராஜா?

ரவி மாமா: ‘அன்னக்கிளி’ வரும்போது அவருக்கு 32. அதற்குள் தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசைப் பாடம், இசையமைப்பாளர் ஜி.கே.வெங்கடேஷிடம் உதவியாளர், நடுவில் கிடார் வாசிப்பு.

தாத்தா: எம்.எஸ்.வி.யும் அப்படித்தான். 1952இல் இசையமைப்பாளர் சி.ஆர்.சுப்பராமன் இறந்தபோது பாக்கி நின்ற படங்களை அவரும் ராமமூர்த்தியும்தான் முடித்துக் கொடுத்தார்கள்.

ரவி மாமா: ஆமாம் அப்பா. நான் வயலின் பின்வரிசையில் வாசித்த காலத்தில் உதவியாளர் வேலை என்றால் பாதி நேரம் எழுத்து வேலைதான். எல்லா வாத்தியங்களும் சேர்ந்த முழு ஸ்கோரைப் பார்த்து ஒவ்வொரு வாத்தியத்துக்கும் தனித்தாளில் நோட்ஸ் பிரித்து எழுத வேண்டும். ஸ்வரத்தை அரை படி ஏற்றும் ஷார்ப் குறி ஒன்று விட்டுப்போனால் அத்தனை பேரும் வில்லை இறக்கிவிட்டு அவனையே பார்ப்பார்கள்.

அருண்: இப்போது எல்லாம் லேப்டாப் மாமா.

ரவி மாமா: சரி, ஒரு இசையமைப்பாளரிடம் கம்ப்யூட்டரில் இசையைக் கோக்கும் புரோகிராமராகச் சேர். ரீ-ரெக்கார்டிங், அதாவது பின்னணி இசை சேர்க்கும் வேலை நடுவில் டைரக்டர் ஒரு காட்சியை வெட்டுவார். ராத்திரியோடு ராத்திரியாக இசையை மறுபடி பொருத்துவது நீதான். எந்த இடத்தில் வாசிக்கக் கூடாது என்பது அங்கேதான் பிடிபடும். பாட்டு ஹிட் கொடுத்தவர்கள்கூடப் பின்னணி இசையில் திணறுவதைப் பார்த்திருக்கிறேன்.

சுதா சித்தி: காசு வருமா அண்ணா?

ரவி மாமா: ஆரம்பத்தில் கைக்காசுதான் போகும். சின்னப் படங்களில் மொத்தமாக ஒரு தொகை பேசிவிடுவார்கள். வாசிப்பவர் சம்பளம், ஸ்டூடியோ வாடகை எல்லாம் அதற்குள்ளேயே. மிஞ்சினால் உனக்கு. ஒப்பந்தத்தை மட்டும் படிக்காமல் கையெழுத்துப் போடாதே. தியேட்டரில் படத்தோடு ஓடுவது தவிர, வேறு எங்கே பாட்டு ஒலித்தாலும் இசையமைப்பாளருக்கு ராயல்டியில், அதாவது அந்த உரிமைத்தொகையில், பங்கு உண்டு. 2012 பதிப்புரிமைச் சட்டத் திருத்தத்துக்குப் பிறகு அந்தப் பங்கைத் தயாரிப்பாளர் உன்னிடமிருந்து எழுதி வாங்கிக்கொள்ள முடியாது.

அருண்: இப்போது நான் என்ன செய்யட்டும்?

ரவி மாமா: உன் நண்பன் எடுத்த குறும்படத்தை இசையில்லாமல் கொண்டுவா. ஞாயிற்றுக்கிழமைக்குள் பின்னணி இசை போட்டுக் காட்டு. பாட்டு வேண்டாம்.

லதா: கண்டிக்கச் சொன்னால் வீட்டுப்பாடம் கொடுக்கிறாயே அண்ணா 🤦