மறு: 'டாம்ப் புரூஃப்' என்பதற்குத் தமிழ் – ஈரமா, ஓதமா?

குழுவினர் அனைவருக்கும் வணக்கம்.

'டாம்ப் புரூஃப்' (damp proof, ஈரம் ஏறாமல் தடுப்பது) என்பதற்குத் தமிழில் என்ன சொல்லலாம் என்று நான் கேட்டுப் பத்து நாளாகிறது. வந்த பரிந்துரைகளை எல்லாம் ஒரு தாளில் குறித்து வைத்துக்கொண்டு, கரண்ட் இருக்கும் நேரம் பார்த்து இதை எழுதுகிறேன். தாமதத்தைப் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எதற்காகக் கேட்டேன் என்பதைப் போன மடலில் சொல்லாமல் விட்டது என் தவறு. அதனால்தான் பேச்சு மழைச்சட்டை, கைக்கடிகாரம் என்று திசை மாறிப் போனது. ரங்கூனில் எங்கள் கோயிலை ஒட்டி ஒரு படிப்பறை இருக்கிறது. இரண்டு பீரோ நிறையத் தமிழ்ப் புத்தகம். அந்த அறையின் பின்சுவர் முழங்கால் உயரத்துக்கு உப்புப் பூத்து, காரை பெயர்ந்து, பீரோவின் அடித்தட்டு பொருமிப் போய்விட்டது. சுவரின் அடியில் வரிசையாகக் கொஞ்சம் கொஞ்சமாக அறுத்து, டாம்ப் புரூஃப் தாள் செருக வேண்டும் என்றார் கொத்தனார். நன்கொடை கேட்டுத் தமிழில் அறிவிப்பு எழுதும் வேலை என் தலையில் விழுந்தது. 'நீர்புகாப் பணிக்கு நிதி' என்று எழுதி ஒட்டினேன்.

மறுநாள் ஒரு பெரியவர் பிடித்துக்கொண்டார். "ஏன் தம்பி, கூரைத் தகரத்தை இப்பத்தானே மாத்தினோம்? அதுக்குள்ள ஒழுகுதா?" அவருக்குப் பின்னால் வந்தவர்களும் அண்ணாந்து கூரையைத்தான் பார்த்தார்கள். ஒருவர்கூடக் குனிந்து சுவரடியைப் பார்க்கவில்லை. என் சொல் அவர்களை மேலே பார்க்க வைத்துவிட்டது.

> நீர்புகா என்ற சொல் நன்றாகப் புழங்கும்போது புதிதாக எதற்கு?

இதற்குத்தான் ஐயா. நீர் வேறு, ஓதம் (தரையிலிருந்து சுவரில் ஊறி ஏறும் ஈரம்) வேறு. மழை வெளியிலிருந்து வந்து மோதும். ஓட்டை இருந்தால் புகும், அடைத்தால் நிற்கும். சுவரில் ஏறுகிற ஈரத்துக்கு ஓட்டை வேண்டாம். செங்கல்லிலும் சாந்திலும் உள்ள கண்ணுக்குத் தெரியாத நுண்துளை போதும். விளக்குத் திரியில் எண்ணெய் ஏறுகிற அதே கதை. துளை எவ்வளவு சிறுக்கிறதோ அவ்வளவு உயரம் ஏறும். 0.1 மில்லிமீட்டர் ஆரமுள்ள குழாயில் தண்ணீர் தானாகவே 15 சென்டிமீட்டர் ஏறிவிடும். அதில் பத்தில் ஒரு பங்கு ஆரமென்றால் ஒன்றரை மீட்டர். சுவரில் அந்த அளவுக்குப் போகாமல் பெரும்பாலும் ஒரு மீட்டருக்குள் நிற்பதற்குக் காரணம், ஏற ஏறக் காற்று அதை உலர்த்திக்கொண்டே இருப்பதுதான். தண்ணீர் ஆவியாகப் போய்விடும்; மண்ணிலிருந்து அது தூக்கி வந்த உப்பு சுவரிலேயே தங்கிவிடும். பூத்து உதிர்வது அந்த உப்பு.

இன்னொன்று. ஒரு மீட்டர் ஆழத் தண்ணீரில் அரை மணி நேரம் கிடந்தாலும் தாங்கும் என்று ஐ.பி.எக்ஸ்.7 தரச் சான்று பெற்ற கருவிகள் உண்டு. ஆனால் அந்தச் சான்று காற்றில் இருக்கும் நீராவியைப் பற்றி எதுவும் சொல்வதில்லை. இங்கே மே மாதம் மழை பிடித்தால் அக்டோபர் வரை விடாது. ஆண்டுக்கு ஏறக்குறைய 2,700 மில்லிமீட்டர், சென்னைக்கு இரண்டு மடங்கு. அந்த ஆறு மாதமும் ஒரு சொட்டுத் தண்ணீர் படாமல் பெட்டிக்குள் பூட்டி வைத்த கேமரா லென்ஸில் பூஞ்சை படரும். நீர் புகவில்லை, உண்மைதான். லென்ஸ் போனதும் உண்மைதான்.

> ஈரத்தடுப்பு, ஈர எதிர்ப்பு: எளிமை, எல்லாருக்கும் புரியும்.

புரியும்தான். நானும் முதலில் இதற்கே சாய்ந்தேன். கொத்தனாரிடம் சொல்லிப் பார்த்தபோது அவர் முகம் சுளித்தார். கட்டுமானத்தில் ஈரம் நல்ல சொல். பூசிய சுவருக்கு ஏழு நாளாவது ஈரம் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் சிமென்ட் இறுகாமல் வெடித்துப் போகும். ஒரே வாயால் "சுவருக்கு ஈரம் காட்டு", "சுவருக்கு ஈரத்தடுப்புப் போடு" என்று இரண்டையும் சொன்னால் சித்தாள் எதைக் கேட்பான்? கட்டடத்துக்கு வெளியிலும் நமக்கு ஈரம் நல்ல சொல்தான். நெஞ்சில் ஈரம் இருக்கிறதா என்று கேட்கிற சாதி நாம். 'ஈர எதிர்ப்பாளர்' என்று ஒரு வேலைக்குப் பெயர் வைத்துப் பாருங்கள், கந்துவட்டிக்காரர் மாதிரி இருக்கிறது.

'ஈரக்கொல்லி' வேண்டவே வேண்டாம். பூச்சிக்கொல்லி போலப் பொருத்தமாகத் தோன்றினாலும், துணி வெளுப்பவரைக் குறிக்க 'ஈரங்கொல்லி' என்று அகராதியில் ஒரு பழஞ்சொல் உண்டு. அதன்மேல் போய் இடிக்க வேண்டாம்.

குழுவில் யாழ்ப்பாணத்து அக்கா சொன்ன 'ஈரலிப்பு' எனக்குப் பிடித்திருக்கிறது. கையால் தொட்டால் பிசுபிசுக்கிற அந்த நிலைக்கு இதைவிட நல்ல சொல் இல்லை. ஆனால் அது காற்றுக்கும் மண்ணுக்கும் பொருந்துகிற அளவுக்குச் சுவருக்குள் ஏறுவதற்குப் பொருந்தவில்லை. ஈரலிப்பு ஓரிடத்தில் இருக்கும்; ஏறாது. பீரோவுக்குள் இருக்கும் சிக்கலுக்கு அதை வைத்துக்கொள்வோம், கீழே வருகிறேன்.

ஆக, ஓதம். கோவையிலிருந்து எழுதியவர், "எங்க பாட்டி தரையில உக்காராதே, ஓதம் அடிக்கும்ம்பாங்க" என்று ஒரே வரி எழுதியிருந்தார். எனக்கு அந்த ஒரு வரி போதும். எங்கள் பெரியவர்களிடம் கேட்டேன். 'டாம்ப்' என்றால் விழித்தவர்கள், "சுவர்ல ஓதம் ஏறியிருக்கு" என்றதும் குனிந்து சுவரடியைப் பார்த்தார்கள். அவர்களில் மூன்று தலைமுறையாகத் தமிழ்நாட்டை மிதிக்காத குடும்பமும் உண்டு. சொல் மட்டும் கப்பலில் வந்து இன்னும் உயிரோடு இருக்கிறது. (ஒருவர் மட்டும் வேட்டியைச் சரிசெய்துகொண்டு சிரித்தார். விரைவீக்கத்துக்கும் ஓதம் என்று பெயர் உண்டல்லவா. அதைத் தடுப்பது நம் கலைச்சொல்லுக்கு வெளியே உள்ள வேலை.)

> ஓதம் என்பது பள்ளிப் பாடநூலில் கடல் ஏற்ற இறக்கம். 'ஓதத்தடுப்பு' என்றால் கடல்நீர் ஏறாமல் தடுக்கும் மதகு என்றுதான் மாணவர் நினைப்பார்.

வந்த மறுப்புகளிலேயே கனமானது இதுதான். இங்கே உட்கார்ந்து இதை நான் தள்ளிவிட முடியாது, ஏனென்றால் ரங்கூன் ஆறே ஓத ஆறு. கடலேற்றத்தின்போது தண்ணீர் எதிர்த்து மேலேறும். அக்கரையில் இருக்கும் டலா பக்கம் போகும் படகுக்காரரிடம் கேட்டால் ஏற்ற நேரம், வற்று நேரம் இரண்டையும் விரல்விட்டுச் சொல்வார். 'ஓதத்தடுப்பு நிதி' என்று எழுதி ஒட்டினால், ஆற்றங்கரையில் கோயில் ஏதோ அணை கட்டப்போகிறது என்றும் நினைக்க இடமுண்டு.

ஆனால் இரண்டு நாள் யோசித்த பிறகு எனக்கு இது குறையாகவே படவில்லை. ஓதம் என்ற சொல்லுக்கு அகராதி தரும் பொருள்களை அடுக்கிப் பாருங்கள்: ஈரக்கசிவு, வெள்ளம், அலை, கடல், வீக்கம். எல்லாவற்றிலும் பொதுவாக எனக்குத் தெரிவது 'பொங்கி ஏறுதல்'. கடல் கரைமேல் ஏறுகிறது. மண்ணீர் சுவர்மேல் ஏறுகிறது. இது என் ஊகம்தான், வேர்ச்சொல் ஆய்வாளர்கள் திருத்தலாம். ஆனாலும் ஈரம், நனைவு, கசிவு, ஊறல் ஆகிய எதிலும் இல்லாத அந்த மேல்நோக்கிய அசைவு ஓதத்தில் இருக்கிறது. நமக்கு வேண்டியதும் அதுதான். எனவே சொல்லைக் கைவிடாமல் முன்னால் இடத்தைச் சேர்ப்போம். கடலில் ஏறினால் கடலோதம். சுவரில் ஏறினால் சுவரோதம்.

அடித்தளத்துக்கு மேல், தரைமட்டத்திலிருந்து அரையடி உயரத்தில் தார்த்தாளோ பிளாஸ்டிக் தாளோ கற்பலகையோ பரப்புகிறார்களே, அது சுவரோதத் தடை. காப்பு என்றும் சிலர் எழுதியிருந்தீர்கள். அந்த அடுக்கு சுவரைச் சுற்றிப் போர்த்திக் காப்பதில்லை, ஏறுகிற வழியில் குறுக்கே படுத்துக்கொள்கிறது. அதனால் தடைதான் சரி. வெளியே தெருவை மேலும் மேலும் உயர்த்தி, தடைக்கு மேலே மண் ஏறிவிட்டால் ஓதம் அதைச் சுற்றிக்கொண்டு மேலே போய்விடும். எங்கள் படிப்பறைக்கு நடந்தது அதுவேதான். தெரு உயர்ந்தது, அறை பள்ளமானது. இதைத் 'தடை தாண்டியது' என்று ஒரே மூச்சில் சொல்லிவிடலாம். 'காப்பு தாண்டியது' என்று சொல்லிப் பாருங்கள், நிற்காது.

இனி இரண்டாவது பாதி. இதைப் போன மடல்களில் யாருமே பிரித்துப் பேசவில்லை. ஓதம் வராமல் தடுப்பது ஒன்று. வந்தாலும் கெட்டுப் போகாமல் இருப்பது இன்னொன்று. ஆங்கிலத்தில் 'புரூஃப்', 'ரெஸிஸ்டன்ட்' என்று இரண்டு சொல். நாம் இரண்டுக்கும் தடுப்பு, எதிர்ப்பு என்று மாற்றி மாற்றிப் போட்டுக்கொண்டிருக்கிறோம். பர்மியக் கடைக்காரர் இதில் நம்மைவிடத் தெளிவு. குடைத்துணியானாலும் கைப்பேசியானாலும் 'யே-ஸோ-கான்' என்பார். யே என்றால் தண்ணீர், ஸோ என்றால் நனைதல், கான் என்றால் தாங்குதல். எதிர்ப்பது, போராடுவது எல்லாம் அதில் இல்லை. பொருள் பேசாமல் தாங்கிக்கொள்கிறது. தமிழிலும் "இந்தச் செருப்பு மழைக்குத் தாங்காது" என்றுதானே சொல்கிறோம்? 'மழையை எதிர்க்காது' என்று எந்த வீட்டில் சொல்கிறார்கள்?

ஆகவே பொருளின் தன்மைக்கு 'ஓதந்தாங்கு'. ஓதந்தாங்கு பலகை, ஓதந்தாங்கு சாயம். தேக்கு ஓதந்தாங்கும் மரம். மரத்துக்குள்ளேயே எண்ணெயும் ரப்பர் போன்ற பொருளும் இருப்பதால் தண்ணீர் அதில் எளிதில் ஊறுவதில்லை. இந்த நாட்டில் மரவீட்டுக்கும் மர மடாலயத்துக்கும் கச்சா எண்ணெய் பூசுகிற பழைய வழக்கம் உண்டு. அதற்கு இங்கே 'யே-நான்' என்று பெயர், நேர்பொருள் நாறுகிற தண்ணீர். யெனாஞ்சாங் எண்ணெய் வயலின் பெயரிலும் அதுவே இருக்கிறது. அதிலிருந்து எடுப்பதற்கு நாம் மண்ணெண்ணெய் என்று பெயர் வைத்தோம், அவர்கள் மூக்கை வைத்துப் பெயர் வைத்தார்கள். பூசிய மரம் கறுத்துப் போகும், ஆனால் மழைக்கும் கறையானுக்கும் தாங்கும்.

இதில் என்னை வியக்க வைப்பது இந்த நாட்டின் பழைய நகரமான பகானில் செய்யும் அரக்குப் பாத்திரம். மரத்திலிருந்து வடிக்கும் பாலைப் பூசுகிறார்கள். இறுகிவிட்டால் தண்ணீருக்கு அசையாது. ஆனால் அது வெயிலில் இறுகாது! ஈரக்காற்று இருந்தால்தான் இறுகும். அதற்காகவே ஒவ்வொரு பூச்சுக்குப் பிறகும் நிலவறைக்குள் வைக்கிறார்கள். ஈரத்தைத் தின்று ஈரத்தைத் தாங்குகிற பொருள். இதை 'ஈர எதிர்ப்புப் பூச்சு' என்று எழுதினால் செய்பவரே சிரிப்பார். 'ஓதந்தாங்கு பூச்சு' என்றால் பொய் இல்லை.

நமுத்தல் என்று ஒரு சொல்லையும் யாராவது கொண்டுவருவீர்கள் என்று காத்திருந்தேன், வரவில்லை. அப்பளம் நமுக்கும், பட்டாசு நமுக்கும், தீக்குச்சி நமுக்கும். மொறுமொறுப்பும் பற்றுகிற குணமும் போவதற்கு இப்படி ஒரு சொல் வேறு எத்தனை மொழியில் இருக்கும்? தின்பண்ட உறை, மருந்து உறை, தீப்பெட்டி ஆகியவற்றுக்கு 'நமுக்காத உறை' என்றே எழுதலாம். அதை இங்கே சுவருக்கு இழுக்க வேண்டாம். சுவர் நமுக்காது.

அக்காவின் ஈரலிப்புக்கு வருகிறேன். பீரோவுக்குள் போடுகிற சிலிக்கா ஜெல் பொட்டலம் தடையும் இல்லை, தாங்குவதும் இல்லை. உள்ளே இருக்கிற ஈரலிப்பை உறிஞ்சுகிறது. அதை 'ஈரலிப்பு உறிஞ்சி' என்று எழுதலாமா, அல்லது 'உலர்த்தி' போதுமா? உலர்த்தி என்றால் இங்கே கூந்தல் உலர்த்தும் கருவி நினைவுக்கு வருகிறது என்று என் மகள் சொல்கிறாள். இது ஒன்றில்தான் எனக்கு முடிவு தெரியவில்லை.

புது அறிவிப்பு இப்படி: "படிப்பறைச் சுவரில் தரையிலிருந்து ஓதம் ஏறுகிறது. சுவரோதத் தடை அமைக்கவும், பீரோக்களுக்கு ஓதந்தாங்கு அடித்தட்டு போடவும் நிதி தேவை. கூரை நன்றாக இருக்கிறது." கடைசி வாக்கியம் அந்தப் பெரியவருக்காக.

திங்கட்கிழமை அச்சுக்குக் கொடுக்கிறேன். மறுப்பு இருப்பவர்கள் அதற்குள் எழுதிவிடுங்கள்.