புலனாய்வு நிருபர்களோடு உங்களுக்கு நேர்ந்த அனுபவம்: மறக்க முடியாத ஒன்றைச் சொல்லுங்கள்

காவிரிக்கரை:
ஆற்று மணல் லாரிக்கு ஒவ்வொரு லோடுக்கும் தரும் அனுமதிச் சீட்டுதான் நடைச்சீட்டு. அந்த விவகாரம் இங்கே எல்லாருக்கும் தெரியும். ஒரே சீட்டில் நாள் முழுக்க நாலு லோடு. 2003இல் அரசே குவாரிகளை நடத்த ஆரம்பித்தும் அது நிற்கவில்லை. நான் அப்போது லாரி டிரைவர். தேதி, நேரம் திருத்திய சீட்டுகளைச் சேர்த்து வைத்திருந்தேன். ஒரு நிருபர் வந்தார்.

ஜெராக்ஸ் கடையில் அவர் செய்ததுதான் இன்னும் கண்ணில் நிற்கிறது. ஒவ்வொரு சீட்டையும் கண்ணாடியில் கவிழ்க்கும் முன், வண்டி நம்பரும் சீட்டு நம்பரும் இருந்த மேல் ஓரத்தைத் தன் பஸ் டிக்கெட்டால் மறைத்தார். நாற்பது சீட்டுக்கு மேல் இருக்கும். ஒன்றைக்கூட விடவில்லை. டிக்கெட் வியர்வையில் நைந்துபோக, என் டிக்கெட்டைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

செய்தி வந்தது. அப்புறம் பல வருடம் கழித்து திருச்சி சத்திரம் பஸ் ஸ்டாண்டில் அவரைப் பார்த்து, "சார்" என்றேன். ஒரு நொடி என் முகத்தைப் பார்த்தார். பிறகு பக்கத்தில் நின்றவரோடு பேச்சைத் தொடர்ந்தார். உண்மையிலேயே என்னை மறந்துவிட்டாரா?

டெஸ்க்_22_வருஷம்:
அண்ணே, மறந்திருக்க மாட்டார். பக்கத்தில் ஆள் நின்றதால்தான் அப்படி. போபர்ஸ் பீரங்கி பேர ஊழல் ஆவணங்களைப் பத்திரிகையாளர் சித்ரா சுப்பிரமணியத்துக்குக் கொடுத்தவர், ஸ்வீடனில் அந்த விசாரணையை நடத்திய போலீஸ் அதிகாரி ஸ்டென் லிண்ட்ஸ்ட்ரோம். 350க்கும் மேற்பட்ட ஆவணங்கள். இந்து நாளிதழில் அவை வெளிவந்து நாடே கொந்தளித்தது. ஆனாலும் 2012இல் லிண்ட்ஸ்ட்ரோமே வாய் திறக்கும்வரை அவர் பெயர் வெளியே வரவில்லை.

எங்கள் ஆபீசில் ஒரு நிருபர் இருந்தார். தகவல் தருபவர்களின் பெயரை நோட்டில் எழுத மாட்டார். கத்தரிக்காய், முருங்கை, வெண்டைக்காய் என்றுதான் இருக்கும். ஆசிரியருக்குக்கூடத் தெரியாது. திடீரென்று மாரடைப்பில் போய்விட்டார். பத்து நாள் கழித்து ராத்திரி ஒரு போன், "சார் இருக்காங்களா?" நான், "அவர் இறந்துட்டாருங்க, நீங்க யாரு?" என்றேன். ரொம்ப நேரம் மூச்சுச் சத்தம் மட்டும் கேட்டது. அப்புறம் வைத்துவிட்டார். அது எந்தக் காய் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

மனு_எழுதுபவன்:
என் அனுபவம் சின்னது. பேரூராட்சிச் சாலைக் கணக்கைத் தோண்டிய நிருபர் ஒருவர்தான், பதிவேட்டையே நேரில் உட்கார்ந்து பார்க்கலாம் என்று எனக்குச் சொன்னார். தகவல் உரிமைச் சட்டம் 2005, பிரிவு 2(ஜெ).

மணல் விஷயம் வைத்திருப்பவர்கள் தயவுசெய்து கவனியுங்கள். அசல் சீட்டை யாரிடமும் கொடுக்காதீர்கள். மனுவில் "ஏன் இப்படி நடந்தது" என்று கேட்டால் பதில் வராது. "இந்தத் தேதி முதல் இந்தத் தேதி வரையிலான பதிவேட்டின் நகல்" என்று கேளுங்கள். பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, விரைவுத் தபாலில் அனுப்புங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் பிரிவு 19(1)இன் கீழ் முதல் மேல்முறையீடு. அதுவும் சரிவராவிட்டால் 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம். சொந்த ஊர் விவகாரமென்றால் வெளியூர் நண்பர் பெயரில் போடுவது நல்லது. மனுவில் முகவரி இருக்கும், மறக்க வேண்டாம்.

யாழ்_வாசகி:
மேலே டெஸ்க் ஐயா சொல்வது தகவல் தந்தவரின் பாதுகாப்பு. சரி. செய்தியோடு தன் பெயரையும் வெளியில் விடுகிறவருக்கு என்ன பாதுகாப்பு?

யாழ்ப்பாணத்துச் செய்தியாளர் நிமலராஜன் பிபிசி தமிழோசை வானொலிக்கும் வீரகேசரி நாளிதழுக்கும் செய்தி தந்தவர். 2000 ஒக்டோபர் 10 தேர்தலில் தீவகத்தில், அதாவது யாழ்ப்பாணத்தை அடுத்த தீவுகளில், நடந்த வாக்கு மோசடியை வெளியில் கொண்டுவந்தார். ஒன்பது நாள் கழித்து, ஊரடங்கு இரவில், மேசையில் எழுதிக்கொண்டிருந்தவரை யன்னலுக்கு வெளியே நின்று சுட்டார்கள். வீட்டுக்குள் கைக்குண்டும் எறிந்தார்கள். சுற்றிவர இராணுவக் காவலரண்கள். இன்றுவரை ஒருவருக்கும் தண்டனை இல்லை.

நான் அப்போது பள்ளிக்கூடப் பிள்ளை. எங்கள் வீட்டில் அப்பா ஒவ்வொரு இரவும் ரேடியோவோடு காதை ஒட்டி வைத்து அவரின் குரலைக் கேட்பார். செய்தி வந்த இரவு ரேடியோவை நிற்பாட்டவும் இல்லை, சத்தத்தைக் கூட்டவும் இல்லை. கையை அதன்மேல் வைத்தபடி இருந்தார்.

காவிரிக்கரை:
மனு அண்ணே, அந்தச் சீட்டுகள் இப்போது என்னிடம் இல்லை. அவருடைய பஸ் டிக்கெட் மட்டும் சட்டைப் பையில் வந்துவிட்டது, வைத்திருக்கிறேன். அடுத்த முறை பார்த்தால் கூப்பிடாமல் தள்ளி நிற்பேன்.