ராஸ்பெரி என்று பெயர் இருந்தால் செடியும் வெளிநாட்டதா?

பூம்பாறையான்:
கொடைக்கானலிலிருந்து மன்னவனூர் போகிற வழியில் ஒரு தன்னார்வக் குழு, ஆஸ்திரேலியாவிலிருந்து வந்து காட்டில் பரவிய வாட்டில் மரத்தின் கன்றுகளைப் பிடுங்கிக்கொண்டிருந்தது. நல்ல வேலை, அதில் குறை சொல்லவில்லை. ஆனால் அதோடு சேர்த்து ஓடையோரம் நின்ற மஞ்சள் முள்ளுப்பழப் புதர்களையும் வேரோடு கெல்லிக் குவித்திருந்தார்கள், அதுவும் காய் பிடித்த புதர்கள். ஏன் என்று கேட்டால், "இது ராஸ்பெரி, வெள்ளைக்காரர்கள் பங்களாத் தோட்டத்துக்குக் கொண்டுவந்தது, அங்கிருந்து காட்டுக்குள் தப்பிவிட்டது" என்கிறார்கள். பெயர் ஆங்கிலமாக இருப்பதைத் தவிர வேறு ஆதாரம் எதையும் அவர்கள் சொல்லவில்லை. இதைப் பறித்துத் தின்றுகொண்டேதான் நாங்கள் பள்ளிக்கூடம் போய்வந்தோம். இது நம் மலைச் செடியா, வந்தேறியா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

காட்டுப்பாதை:
அந்தக் குழுவில் நான் இல்லை, ஆனால் அதே வேலையைச் செய்கிறவன். பாட்டன் காலத்திலிருந்து தின்கிறோம் என்பது ஆதாரம் ஆகாது நண்பரே. ஊட்டிக்கு யூகலிப்டஸ் வந்தது 1843-ல், இன்று அந்தத் தைலம் இல்லாத வீடு உண்டா? உண்ணிச்செடியின் கறுப்புப் பழத்தையும் பிள்ளைகள் தின்கிறார்கள், அது அமெரிக்கக் கண்டத்துச் செடி. நீங்கள் சொல்கிற மஞ்சள் பழம், தாவரப் பெயர் ரூபஸ் எலிப்டிகஸ், உலகின் மிக மோசமான 100 அயல் ஊடுருவி உயிரினங்கள் என்ற பட்டியலிலேயே இருக்கிறது. ஹவாய்த் தீவுகளில் ஈரக்காடுகளை மூடிப்போட்டு வளர்ந்து அங்குள்ள செடிகளை நெருக்குகிறது. அப்படிப்பட்ட செடியை இங்கே காப்பாற்றச் சொல்கிறீர்கள்.

சோலைக்குருவி:
காட்டுப்பாதை, அதே பட்டியலை இன்னும் கொஞ்சம் கீழே படித்துப் பாருங்கள், நம் ஊர் மைனா இருக்கிறது, செம்புழைக் கொண்டைக்குருவி இருக்கிறது. இரண்டையும் வந்தேறி என்று கொடைக்கானலில் கூண்டு வைத்துப் பிடிப்பீர்களா? ஒரு உயிர் தன் மண்ணை விட்டு வேறு மண்ணுக்குப் போய் அங்கே தொல்லை கொடுத்தால்தான் அந்தப் பட்டியலில் ஏறும். ஹவாயில் இது அயல் செடி, இமயமலையிலும் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் இலங்கையிலும் இயல்பாக வளர்கிற செடி. சென்னை மாநிலக் கல்லூரியில் தாவரவியல் கற்பித்த ஃபைசன் 1915-ல் நீலகிரி, பழனி மலை உச்சிகளின் தாவரங்களைப் பற்றிப் புத்தகம் போட்டார். செண்பகனூரில் இருந்து வேலை செய்த மாத்யூ பாதிரியார் 1999-ல் பழனி மலைத் தாவரங்களைத் தொகுத்தார். இந்த இரண்டையும் புரட்டாமல் எதை வெட்டுவது எதை விடுவது என்று முடிவு செய்யவே கூடாது.

இமயத்திலும் இங்கேயும் இருந்து நடுவில் சமவெளியில் இல்லாமல் போவது விசித்திரம் ஒன்றும் இல்லை. நம் காட்டுப் பூவரசு, அதுதான் ரோடோடென்ட்ரான், அப்படித்தான். வரையாட்டின் நெருங்கிய உறவுகளைத் தேடுகிறவர்களும் வெகுதூரம் வடக்கே, மேற்கே போக வேண்டியிருக்கிறது. முன்பு பனியுகத்தில் உலகமே குளிர்ந்திருந்தபோது இந்த உயிர்கள் தாழ்வான இடங்களிலும் பரவியிருக்கும், வெப்பம் ஏற ஏற மலை உச்சிகளில் ஒதுங்கியிருக்கும் என்பது பரவலாகச் சொல்லப்படுகிற விளக்கம்.

ஆங்கிலப் பெயர் எப்படி ஒட்டியது என்பதற்குப் பழத்தையே பார்த்தால் போதும். பறிக்கும்போது நடுத்தண்டு செடியிலேயே நின்றுவிடும், கைக்கு வருவது உள்ளே கூடான தொப்பி. ஐரோப்பாவின் ராஸ்பெரியும் இப்படித்தான் கழன்று வரும், பிளாக்பெரி நடுத்தண்டோடு சேர்ந்தே வரும். தன் ஊர்ப் பழத்தை அறிந்த வெள்ளைக்காரன் இங்கே இதைப் பறித்ததும் ராஸ்பெரி என்றான். அவன் கொண்டுவந்தது பெயரை மட்டும்தான்.

சொல்லேர்:
பெயரையும் அவன் கொண்டுவரவில்லை. ராஸ்பெரி என்பதில் இருப்பது நம் ரசம், சாறு என்று பொருள். வடக்கே இன்றும் ரசபரி என்கிறார்கள், சாறு நிறைந்தது என்று அர்த்தம். பெரி என்பதை நம் பேரிக்காயோடு வைத்துப் பாருங்கள். அரிசியும் இஞ்சியும் கிரேக்கம் வரை பெயரோடு போனதை உலகமே ஒப்புக்கொள்கிறது, பழம் மட்டும் ஏன் போயிருக்கக் கூடாது? நம்முடைய சொல் வெளியே போய்த் திரும்பி வந்தால் அதை அந்நியம் என்று ஒதுக்குவது நமக்குப் பழகிப்போய்விட்டது. இந்த மனநிலைதான் செடியையும் வெட்டுகிறது.

சோலைக்குருவி:
சொல்லேர் ஐயா, கடைசி வரியோடு எனக்கு உடன்பாடுதான், முதல் வரிகளோடு இல்லை. ஆங்கிலத்தில் இந்தப் பழத்தை 16ஆம் நூற்றாண்டில் ராஸ்பிஸ் என்றுதான் சொன்னார்கள், பெரி என்ற வால் பிறகுதான் ஒட்டியது. கிழக்கிந்தியக் கம்பெனி தொடங்கியதே 1600-ல். அரிசி போனது, இஞ்சி போனது, ஏனென்றால் அவை மூட்டையில் கட்டிக் கப்பலில் ஏற்றக்கூடிய சரக்கு. சரக்கு போனால் பெயர் கூடப் போகும். முள்ளுப்பழம் காலையில் பறித்தால் சாயங்காலம் கூழாகிவிடும், அதை யார் எந்தத் துறைமுகத்துக்குக் கொண்டுபோவார்கள்? போதாக்குறைக்கு ஐரோப்பாவில் அவர்களுக்கே சொந்தமான ராஸ்பெரி காடெல்லாம் விளைகிறது. அதன் தாவரப் பெயர் ரூபஸ் ஐடேயஸ், ஐடா மலையில் வளர்வதால் கிரேக்கர்கள் அப்படிச் சொல்கிறார்கள் என்று முதலாம் நூற்றாண்டில் ரோமானிய அறிஞர் பிளினி எழுதிவைத்தார். ரூபஸ் என்றால் லத்தீனில் முட்புதர்.

ரசபரியைப் பற்றியும் ஒரு வார்த்தை. இந்திக்காரர்கள் அந்தப் பெயரில் பெரும்பாலும் வாங்குவது, காய்ந்த உறைக்குள் மஞ்சளாக உருண்டையாக இருக்கும் கேப் கூஸ்பெரியை. நம் மலையிலும் தோட்டத்து வேலியோரம் தானாக முளைத்துக் கிடக்கும். அது பெரு நாட்டு மலைச் செடி, தென்னாப்பிரிக்க முனையில் பயிரானதால் கேப் என்ற பெயர், இந்தியாவில் ரசபரி. பெயரை வைத்து ஊரைக் கண்டுபிடிக்கப் போனால் இந்த ஒரு பழத்துக்கு மூன்று கண்டம் அலைய வேண்டும்.

சொல்லேர்:
16ஆம் நூற்றாண்டில் எழுத்தில் கிடைக்கிறது என்பதால் சொல் அப்போதுதான் பிறந்தது என்று ஆகாது. ராஸ்பிஸ் எங்கிருந்து வந்தது என்று அவர்களின் அகராதிகளே உறுதியாகச் சொல்லவில்லை, ஒரு வகை இனிப்பு ஒயினின் பெயரோடு இணைத்துப் பார்க்கிறார்கள், அவ்வளவுதான். அந்த இடைவெளியில் நம் தரப்பு ஆய்வுக்கு இடம் இருக்கிறது. நான் விடப்போவதில்லை.

கேத்திக்காரி:
இடைவெளி இருக்கிறது என்பதற்காக அதில் நம் சொல்லை நட்டுவிட முடியாது ஐயா. பேரிக்காய் விஷயமும் அப்படித்தான், மரம் வெளியிலிருந்து வந்தது, பெயரும் அதோடு வந்தது. நிஜமாகவே நம்முடையதாக இருக்கிற சொல்லை விட்டுவிட்டு எதற்கு ராஸ்பெரிக்குள் போய்த் தேட வேண்டும்? முள் என்பது தமிழ், மலையாளம், கன்னடம், தெலுங்கு எல்லாவற்றிலும் ஒரே வேர். நீலகிரியில் நாங்கள் பேசும் படுக மொழியில் பழம் ஹண்ணு. கன்னடத்தில் பால் ஹாலு ஆனது போல, பல் ஹல்லு ஆனது போல, சொல் முதலில் வரும் ப எங்களிடமும் ஹ ஆனது. எங்கள் ஊர்களை ஹட்டி என்பதையும் பட்டியோடு வைத்துப் பாருங்கள். பர்ரோவும் எமனோவும் 1961-ல் வெளியிட்ட திராவிட வேர்ச்சொல் அகராதியில் தோடா, கோத்தர் சொற்களுக்கும் தமிழுக்குப் பக்கத்திலேயே இடம் உண்டு. சொல்லாய்வில் ஆசை இருக்கிறவர்களுக்கு வேலை இங்கே குவிந்து கிடக்கிறது.

பூம்பாறையானுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். முள்ளுப்பழம் என்று ஒரே பெயரை எல்லாவற்றுக்கும் போட்டு மூடினால் அதுவும் அழிப்புத்தான். விறகுக்கும் தேனுக்கும் காட்டுக்குள் போய்வந்த பெண்கள் மஞ்சளையும் கறுப்பையும் ஒன்றாகப் பார்த்ததே இல்லை. எது புளிக்கும், எது எந்த மாதம் பழுக்கும், எந்தப் புதருக்குள் கை விடலாம் என்று அவர்களுக்கு வேறுபாடு தெரியும், சொல்லும் இருக்கிறது. தோடர், கோத்தர், குறும்பர், இருளர், படுகர், பழனி மலையில் பளியர், புலையர் ஒவ்வொருவரிடமும் கேட்டு எழுதாமல் முள்ளுப்பழம்தான் "தமிழ்ப் பெயர்" என்று பலகை மாட்டுவதை நான் எதிர்க்கிறேன்.

பூம்பாறையான்:
அக்கா, முள்ளுப்பழம் யார் பெயரையும் அழிக்க வந்தது இல்லை. கீழ்மலையிலிருந்து மேல்மலை வரை பலரும் வந்து குடியேறிய ஊர்கள் எங்களுடையவை, சந்தையில் எல்லாருக்கும் புரிகிற சொல் ஒன்று வேண்டியிருந்தது, அது அமைந்தது. பளியர் பெயரையும் எழுதுங்கள், பெரிய எழுத்திலேயே எழுதுங்கள். அதற்காகச் சந்தைச் சொல் மட்டமானது என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

சரி, கறுப்புப் பழம் எது? சுற்றுலாக்காரர்களிடம் பிளாக்பெரி என்றுதான் விற்கிறார்கள்.

சோலைக்குருவி:
அது ரூபஸ் நிவியஸ். நிவியஸ் என்றால் பனிபோல் வெள்ளை. பழம் கறுப்பு, பெயர் வெள்ளை என்று குழம்ப வேண்டாம், இலையைத் திருப்பிப் பாருங்கள், அடிப்பக்கம் வெள்ளைக் கம்பளி போல இருக்கும், இளந்தண்டிலும் வெள்ளைப் பூச்சு. ஆங்கிலத்தில் இதை மைசூர் ராஸ்பெரி என்பார்கள், ஜாவா, சீனா வரை வளர்கிற செடிக்கு மைசூரின் பெயர். இதுவும் கூடாகக் கழன்று வருவதால் பிளாக்பெரி என்பது பொருந்தாது. மஞ்சள் பழத்துக்கு இலை மும்மூன்றாக இருக்கும், தண்டு முழுக்கச் செம்பழுப்பு மயிர். எலிப்டிகஸ் என்பது அந்தச் சிற்றிலையின் நீள்வட்ட வடிவத்துக்கு வைத்த பெயர்.

காட்டுப்பாதை:
சரி, இயல்செடி என்ற ஆதாரத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் இயல்செடி என்றாலே தொடக்கூடாது என்பதை ஏற்க மாட்டேன். வாட்டில் வெட்டிய திறந்த இடத்தில் முதலில் பாய்ந்து வருவது இந்த முட்புதர்தான், புல்வெளியை மீட்க வேண்டிய இடத்தில் இது அடர்ந்தால் புல் எப்படி வரும்? களத்தில் இறங்கி வேலை செய்கிறவனுக்கு அகராதியும் பிளினியும் வழி காட்டாது.

சோலைக்குருவி:
புல்வெளி நடுவில் அடர்ந்தால் கட்டுப்படுத்துங்கள், அதைத் தடுக்கவில்லை. ஓடையோரமும் சோலை விளிம்பும் அதன் இடம். அந்தப் பழத்துக்கு வருகிற சின்னான் குருவிகள் மற்ற சோலை மரங்களின் விதையையும் எச்சத்தோடு அங்கே போடும், முள்ளுக்குள் முளைக்கிற கன்றை மாடு மேயாது. பூம்பாறையான் பார்த்தது ஓடையோரம். அங்கே வெட்டியதற்கு என்ன காரணம் சொல்வீர்கள்?

காட்டுப்பாதை:
இடத்தைப் பார்க்காமல் சொல்ல மாட்டேன். படம் இருந்தால் போடுங்கள். நிஜமாகவே ஓடையோரம் என்றால் அந்தக் குழுவிடம் நானே பேசுகிறேன். அவர்களுக்குக் காட்ட இரண்டு இலைகளின் முன்பக்கம், பின்பக்கம் படமும் வேண்டும். முள் கோர்ஸ் செடியையும் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள், அது நிச்சயமாக ஐரோப்பாவிலிருந்து வந்தது, அதை வெட்டுவதை மட்டும் நிறுத்தச் சொல்லாதீர்கள்.

கேத்திக்காரி:
படத்துக்குக் கீழே பெயர் எழுதும் இடத்தைக் காலியாக விடுங்கள். ஊர் ஊராகக் கேட்டு நிரப்ப வேண்டியது அது.