புதுப்பிப்பு: ஓவனில் வறுக்கும் காய்கள் நீர்விட்டுக் குழைவதற்குத் தீர்வு கிடைத்தது

புதுச்சேரி பெரிய மார்க்கெட்டில் வாங்கிய இளம் கேரட், பீன்ஸ், முள்ளங்கி ஆகியவற்றை ஓவனில் வறுத்தால் நிறம் மாறாமல் நீர்விட்டுக் குழைவது ஏன் என்று இங்கே கேட்டிருந்தேன். பதில் எழுதிய அனைவருக்கும் நன்றி.

காய்களைக் கழுவியபின் துணியில் ஈரம் போக உலர்த்தி, தட்டில் ஒன்றன்மேல் ஒன்று படாமல் பரப்பச் சொன்ன யோசனைதான் பலன் தந்தது. நெருக்கி அடுக்கினால் வெளிவரும் ஆவி அங்கேயே தங்கி, காய் வறுபடாமல் அவிந்துவிடுகிறது. மேற்பரப்பின் ஈரம் வற்றும்வரை அதன் வெப்பம் 100 டிகிரியைத் தாண்டுவதில்லை என்பதால் பழுப்பு நிறமும் ஏறுவதில்லை. ஓவனை 220 டிகிரிக்கு முன்னதாகவே சூடாக்கி, கடலை எண்ணெயில் புரட்டிய கேரட்டையும் முள்ளங்கியையும் முதலில் வைத்து, பத்து நிமிடம் கழித்துப் பீன்ஸைச் சேர்த்தேன். மொத்தம் 25 நிமிடத்தில் கேரட்டின் வெட்டுமுனைகள் கருஞ்சிவப்பாகிச் சுருங்கின. வெப்பத்தைக் குறைத்து நேரத்தைக் கூட்டும் யோசனை எனக்குப் பலிக்கவில்லை.

எதிர்பாராதது முள்ளங்கிதான். காரமும் நெடியும் அடங்கி இனித்தது. சாம்பாரில் அதை ஒதுக்கும் என் மாமியாரே இரண்டாம் முறை கேட்டு வாங்கினார். பூண்டு சேர்ப்பவர்கள் தோலோடு போடவும். உரித்த பல் கருகிக் கசக்கிறது. எலுமிச்சைச் சாற்றையும் மிளகுத்தூளையும் இறக்கியபின் சேர்த்தால் போதும்.