முதிரை மரத்தில ஸ்குரூ இறக்கினா வெடிக்குது, இரும்பில ஓட்டை மூலை மூலையா வருது: வழி சொல்லுங்க

கல்லடித் தம்பி:
வணக்கம். அம்மம்மா வீட்டு முதிரைக் கதவுக்குப் பின்பக்கக் குறுக்குச் சட்டம் மாத்துறன். சட்டமும் முதிரைதான். 8ஆம் நம்பர் ஸ்குரூ தலை மட்டமா இறங்குதில்லை, இன்னும் இறுக்கினா சட்டம் கீறுது. 10 மி.மீ. சாதாரண பிட்டால வாயை அகட்டியும் தலை ஒழுங்காக் குந்துதில்லை.

அடுத்தது கேட். 3 மி.மீ. பூட்டுத் தகடு, எம்6 ஸ்குரூ (6 மி.மீ. தடிப்பு). தலைக்குக் கூம்பா இடம் வெட்டுற கவுண்டர்சிங்க் பிட்டை வச்சா டிரில் அதிருது, ஓட்டை வட்டமா வராம மூலை மூலையா வருது. இங்க ஒரு பக்கம் கடல், மறுபக்கம் வாவி. தலைக்குக் கீழ இடுக்கு இருந்தா உப்புத் தண்ணி நின்டு துருவேறிடும். அதுதான் கேக்கிறன்.

காத்தான்குடி ஓடாவி:
தம்பி, முதிரை சரியான இறுக்கமான மரம். கூம்புத் தலை அதில ஆப்பு மாதிரி வேலை செய்யும். இடம் வெட்டிக் குடுக்காம இறுக்கினா வெடிக்காம என்ன செய்யும்?

8ஆம் நம்பர் ஸ்குரூட கழுத்து 4.2 மி.மீ. அளவு. மேல வார சட்டத்தில 4.5 பிட்டால முழுசாத் துளைங்க. ஸ்குரூ அதில லேசாப் போய் வரணும். கீழ்ப் பலகைக்கு 3 மி.மீ. பிட், ஸ்குரூ இறங்கிற ஆழத்துக்கு. சட்டத்தில மரை பிடிச்சா ரெண்டு பலகையும் நெருங்காது, எவ்வளவு இறுக்கினாலும் இடையில வெளி நிக்கும்.

தலைக்கு இடம் வெட்டுறது அதுக்குப் பிறகுதான். சாதாரண பிட்டுட முனை 118 பாகை, ஸ்குரூத் தலை 90 பாகை. அதால தலை அடி விளிம்பில மட்டும் தட்டும், மேல சுத்திவர வெளி இருக்கும். உங்களுக்கு நடக்கிறது இதுதான். 90 பாகை கவுண்டர்சிங்க் பிட் எடுங்க. மரத்தில வச்சதும் ஒரு சுத்து பின்பக்கமாச் சுத்திட்டு முன்னுக்கு விட்டா வாய் சிலும்பாது. ஆழம் பார்க்க ஸ்குரூவைத் தலைகீழாப் பிடிச்சுத் தலையை ஓட்டை வாயில வையுங்க. விளிம்போட விளிம்பு பொருந்தினாக் காணும். முதல்ல கழிவுத் துண்டில பாருங்க. மரையில கொஞ்சம் மெழுகு தடவினா ஸ்குரூ சுகமா இறங்கும்.

கல்முனைப் பட்டறை:
கேட்டுக்கு நான் சொல்றன். 3 மி.மீ. தகட்டில எம்6 சரிவராது. அதுட கூம்புத் தலை 3.3 மி.மீ. உயரம். தலை மட்டமாகிறதுக்குள்ள கூம்பு தகட்டைத் தாண்டிடும், ஓட்டை அகலும், பிடிமானம் போயிடும். எம்5 போடுங்க, தலை 2.7தான். எம்6தான் வேணுமெண்டா 5 மி.மீ. தகடு எடுங்க.

மூலை விழுறது வேகத்தால. டிரில்லை ஆக மெதுவா விடுங்க, ஆனா கையை அழுத்திப் பிடிங்க. கெதியாச் சுத்தி லேசாத் தொட்டா பல்லு வெட்டாம துள்ளும், துள்ளின தடத்திலயே திரும்பத் திரும்ப விழும். எம்5க்கு முதல்ல 5.5 ஓட்டை, பிறகு அதே பிடியில தகட்டை அசைக்காமக் கவுண்டர்சிங்க். எண்ணெய் விட மறக்காதீங்க. ஒத்தைப் பல்லுப் பிட், இல்லாட்டிக் குறுக்கே சரிவா ஓட்டை போட்ட பிட் கிடைச்சா அதை வாங்குங்க, அதிர்வு நல்லாக் குறையும். ஸ்டெயின்லெஸ் தகடெண்டா பிட் ஒரு இடத்தில உரஞ்சிக்கொண்டு நிக்க விடாதீங்க, அந்த இடம் இறுகிப் பிறகு வெட்டவே வெட்டாது.

தகட்டைக் கையால பிடிச்சுத் துளைக்கவே வேணாம். பிட் மாட்டினாத் தகடு சுழண்டு விரலை வெட்டிடும். கிளாம்ப் போடுங்க, கண்ணாடி போடுங்க, கையுறை போடாதீங்க.

அக்கரைப்பற்று மாணவி:
ஒன்று சேர்த்துச் சொல்றேன். அமெரிக்க அங்குல அளவு ஸ்குரூக்களுக்குத் தலை 82 பாகை, மில்லிமீட்டர் அளவுக்கு 90. மரத்தில அந்த வித்தியாசம் பெரிசாத் தெரியாது. இரும்பில தெரியும். பிட் வாங்கும்போது பாகையைக் கேட்டு வாங்குங்க.

கல்லடித் தம்பி:
நானா, சட்டம் வெடிக்காம தலை மட்டமாகிட்டு. மிச்சம் நன்றி. கேட்டுக்கு எம்5 வாங்கப் போறன். கதவுக்குப் பித்தளை ஸ்குரூ போடலாமா? பழைய பிணைச்சல் ஓட்டையெல்லாம் அகண்டும் போச்சு.

காத்தான்குடி ஓடாவி:
போடலாம், கடல் காத்துக்கு நல்லது. ஆனா பித்தளை மென்மை, முதிரையில தலை முறிஞ்சிடும். அதே அளவு இரும்பு ஸ்குரூவை முதல்ல இறக்கி மரை வெட்டிட்டுக் கழட்டுங்க, பிறகு பித்தளையைக் கையால முறுக்குங்க, டிரில் வேணாம். அகண்ட ஓட்டைக்கு முதிரைத் துண்டிலயே உருட்டுக் குச்சி சீவி, பசை தடவி அடிச்சு, ஒரு நாள் காயவிட்டு மட்டமா வெட்டி, திரும்ப 3 மி.மீ. துளைங்க. தீக்குச்சி அடைக்கச் சொல்லுவாங்க. இந்தப் பாரக் கதவுக்கு அது நிக்காது.

கல்முனைப் பட்டறை:
கேட் தகட்டில கவுண்டர்சிங்க் வெட்டின இடத்தில நாகப் பூச்சுப் போயிடும். ஸ்குரூப் பூட்ட முதல் அந்தக் கூம்புக்குள்ள துருத்தடுப்புப் பெயின்ட் ஒரு கை பூசுங்க. அது ஈரமா இருக்கும்போதே ஸ்குரூவை இறக்குங்க, இடுக்கெல்லாம் அடைபடும்.