காலி வரி போனால் கருவி கதை கட்டுகிறது, எப்படித் தடுப்பது?

கேள்வி: அட்டவணையிலுள்ள பத்திகளை மொழிமாதிரிக்கு (உரை எழுதும் செயற்கை நுண்ணறிவுக் கருவி) ஒவ்வொன்றாக அனுப்பி எளிய நடையில் மாற்றி எழுத வைக்கிறேன். காலிக் கட்டம் வந்தால் சில சமயம் “உரையைத் தாருங்கள்” என்கிறது, சில சமயம் இல்லாத பத்தியைத் தானே எழுதிவிடுகிறது. நீளம் பூஜ்யமா என்று சோதித்துத்தான் அனுப்புகிறேன்.

பதில் 1: அந்தச் சோதனை போதாது. பாண்டாஸில் (அட்டவணைகளைக் கையாளும் பைத்தான் நிரல் தொகுப்பு) படித்தால் காலிக் கட்டம் ‘என்ஏஎன்’ (NaN, மதிப்பு இல்லை என்பதற்கான குறி) ஆகிவிடும். அதை ஸ்ட்ரிங்காக, அதாவது வெறும் எழுத்துத் தொடராக, மாற்றினால் மூன்றெழுத்து, நீளம் 3! ஸ்ட்ரிங்காக மாற்றுவதற்கு முன்பே காலியா என்று பார்க்கும் இஸ்னா (isna) வைத்து வடிகட்டுங்கள். இன்னொன்று, இணையத்திலிருந்து ஒட்டிய உரையில் பூஜ்ய அகல இடைவெளி (கண்ணுக்குத் தெரியாத ஓர் எழுத்துக்குறி) ஒளிந்திருக்கலாம். ஓரத்து இடைவெளிகளை வெட்டும் பைத்தானின் ஸ்ட்ரிப் (strip) அதை நீக்காது. தனியாக ரீப்ளேஸ் (replace) கொண்டு நீக்கவேண்டும்.

பதில் 2: மொழிமாதிரிக்குத் தரும் கட்டளையிலும் ஒரு வழி விடுங்கள்: “உரை இல்லையென்றால் ‘வெற்று’ என்ற ஒரே சொல்லை மட்டும் தா.” மாற்றி எழுது என்று மட்டும் சொன்னால் அது எதையாவது எழுதத்தான் பார்க்கும். வெளியீடு மூலத்தைப்போல் இரு மடங்குக்கு மேல் நீண்டால் தனியே ஒதுக்கிக் கண்ணால் பாருங்கள்.

பதில் 3: காலிக் கட்டமாவது பிடிபடும். தெளிவில்லாத வரிதான் ஆபத்து. “அவர் வந்ததும் கொடுத்துவிட்டார்”: யார், எதை, யாருக்கு? கருவி ஒரு பெயரைச் செருகினால் படிக்க நன்றாகவே இருக்கும், அதனால் யாருக்கும் சந்தேகம் வராது. முந்தைய இரண்டு வரிகளையும் சேர்த்து அனுப்புங்கள்; மூலத்தில் இல்லாத பெயர், எண் வெளியீட்டில் வந்தால் நிராகரியுங்கள்.

கேட்டவர்: என்ஏஎன்தான்! 3 என்று அச்சாகிறது.